கனிவு எச்சரிக்கை

யாழ்மொழி தன் இரகசியத்தைத் தம்பி நன்மாறனிடம் சொல்வதற்கு, அம்மா பூசையறையில் மணியடிக்கும் அரை நிமிடத்தைத் தேர்ந்தெடுத்தாள். அந்த ஓசைக்கிடையே மட்டும், கூடத்துச் சுவரிலிருந்த இல்லவிழியால் முணுமுணுப்பைப் பிரித்தறிய இயலாது. தொலைவிலுள்ள ஒரு கல்லூரியில், இல்லவிழி பொருத்தப்படாத விடுதியுடன், அவளுக்கு இடம் கிடைத்திருந்தது. வெள்ளிக்கிழமை புறப்பட வேண்டும். அதுவரை பெற்றோர் அறியலாகாது.

குடும்பத்தின் நாள் முழுவதையும் பார்த்து, சுவையான துண்டுகளைத் தானே தெரிவுசெய்து உலகுக்குக் காட்டுவது இல்லவிழியின் பணி. திருப்பூரின் அந்த அடுக்ககத்தில் அது இல்லாத வீடில்லை. இவ்விருவரின் சண்டைகளுக்கு மட்டும் நாற்பது இலட்சம் பார்வையாளர்கள் இருந்தார்கள். பதின்மூன்று வயதில் அவள் கதவைச் சாத்திக்கொண்டு அழுத ஓசையையும் அவர்கள் கேட்டிருந்தார்கள்.

நன்மாறன் வாக்கைக் காத்தான். ஒரு சொல்லும் வெளிவிடவில்லை. ஆனால் செவ்வாய்க்கிழமை காலை, நாள்தோறும் இருவரும் முட்டிமோதும் குளியலறை வாசலில், அவன் ஒதுங்கி நின்றான்.

"நீ மொதல்ல குளிச்சுக்கோக்கா."

மறுநாள் அவளுடைய சுடிதாரையும் சேர்த்துத் தேய்த்து வைத்தான்.

இல்லவிழி இரண்டையும் இணைத்து, 'தம்பிக்கு என்ன ஆயிற்று?' என்ற கேள்வியுடன் வெளியிட்டது. மாலைக்குள் பார்வையாளர்கள் விடையைக் கண்டடைந்தார்கள்: அக்கா வீட்டைவிட்டுப் போகிறாள்.

அலைபேசியில் அதைப் படித்த யாழ்மொழி தம்பியின் அருகில் வந்து, உதடு அசையாமல் சொன்னாள்.

"என்னத் திட்டுடா."

"எருமமாடே," என்று தொடங்கினான் அவன். "எங்கியாச்சும் தொலஞ்சு..."

முடிக்க இயலாமல் அழுதுவிட்டான். அந்த ஏழு நொடிகளை அம்மா சமையலறையில் நின்று, தன் அலைபேசியில் பார்த்துக்கொண்டிருந்தார்.

வியாழனன்று அப்பா அவளுடைய அசல் சான்றிதழ்களை பீரோவில் வைத்துப் பூட்டினார். குரலை உயர்த்தவில்லை.

"ஊரே உம்மேல உசுரா இருக்குது கண்ணு. இத விட்டுப்போட்டு எங்க போவே?"

வெள்ளிக்கிழமை கடந்து சென்றது.

அடுத்த வாரம், 'கனிவு எச்சரிக்கை' என்னும் புதிய வசதியை நிறுவனத்தார் எல்லா இல்லங்களுக்கும் அன்புடன் வழங்கினார்கள். உடன்பிறந்தோர் வழக்கத்துக்கு மாறாகக் கனிவு காட்டினால், பெற்றோருக்கும் பார்வையாளர்களுக்கும் உடனே செய்தி சென்றுவிடும்.

எதிர்வீட்டில் ஒரு தங்கை காய்ச்சலில் கிடந்தாள். அவள் நெற்றியைத் தொட நீண்ட கையை, அண்ணன் பாதியில் இழுத்துக்கொண்டான்.

"செத்துத் தொலைடீ," என்றான்.

அவள் நன்றியுடன் கண்களை மூடிக்கொண்டாள்.