தொட்டிக்குள் இறங்குவதற்கு முன்

பதிவு செய்து வைத்த வெபினாரில் பேசுகிறவர் நடுவில் தண்ணீர் குடிக்கலாம். அதில் தவறில்லை. ஆனால் கேட்கிறவர் தேநீர் குடித்து முடிக்கும்வரை பேசுகிறவர் காத்திருக்கக் கூடாது.

தனேஸ்வரன் கிளாஸைக் கீழே வைத்தார். திரையிலிருந்த பெண், தலைமுடி வலையும் முகக்கவசமும் நீல அங்கியுமாக நின்றவள், விட்ட சொல்லிலிருந்து தொடர்ந்தாள். கிளாஸை எடுத்தார். பேச்சு நின்றது. வைத்தார். தொடர்ந்தது. நான்கு முறை இப்படிச் சோதித்துப் பார்த்ததில் தேநீர்தான் தீர்ந்தது. இணையத்தில் கோளாறு என்று முடிவு செய்துகொண்டார். மருந்துத் தொழிற்சாலையில் பயிற்சி அதிகாரியாகப் பதினெட்டு வருடம் இருந்தவர். எதற்கும் ஒரு காரணம் எழுதி ஃபைலை மூடிவிடுவது அவருக்குச் சாப்பிட்டுக் கை கழுவுவது மாதிரி.

சனிக்கிழமை, மதியம் மூன்று மணி. ஈப்போவிலிருந்து பத்து காஜா ஊருக்குப் போகும் வழியில், முன்பு ரப்பர் தோட்டமாக இருந்த மேட்டில், குழந்தைகளுக்கான இருமல் மருந்து காய்ச்சும் அந்தத் தொழிற்சாலை இயந்திரமெல்லாம் நிறுத்திக் கிடந்தது. கேட்டில் ஒரு காவலாளி, உள்ளே தனேஸ்வரன், பயிற்சி அறையில் ஒரு குளிர்சாதனப் பெட்டியின் முனகல். சன்னலுக்கு வெளியே வெட்டாமல் விட்ட பத்துப் பன்னிரண்டு ரப்பர் மரங்களும், அவற்றுக்குப் பின்னால் சுண்ணாம்புக் குன்றும், குன்றின் தலையில் அன்றாட மழைக்கான மேகமும் வழக்கம்போல இருந்தன. வாழைப்பழ எசன்சின் வாடை சுவரிலும் நாற்காலியிலும் அவர் சட்டையிலும் ஊறிக் கிடந்தது. வீட்டில் அவர் மனைவி அதை முகர்ந்துதான் அவர் வந்துவிட்டதைத் தெரிந்துகொள்வாள்.

திங்கட்கிழமை ஆய்வாளர்கள் வருகிறார்கள். சென்ற முறை அவர் ஆட்களுக்குக் காட்டியதாகச் சொன்ன வெபினார் ஒரு குழாய் வியாபாரியின் விளம்பரம் என்று கண்டுபிடித்து, அடுத்த தடவை நம்பத்தகுந்த இடத்திலிருந்து எடுக்காவிட்டால் பயிற்சிக்கு வேறு அதிகாரியைப் போடச் சொல்வோம் என்று எழுதிவிட்டுப் போயிருந்தார்கள். ஆகவே தனேஸ்வரன் ஒரு தாளில் நான்கு கேள்வி எழுதி வைத்துக்கொண்டார். பேசுகிறவர் யார்? அந்த வேலையைச் செய்திருக்கிறாரா? எதையாவது விற்கிறாரா? எப்போது பதிவானது? நினைத்த நேரத்தில் பார்க்கலாம் என்று அழைத்த வெபினார்கள் நூற்றுக்கணக்கில் இருந்தன. காலையிலிருந்து பதினொன்றைக் கழித்துக் கட்டிவிட்டார். ஒன்றில் பேசிய பேராசிரியர் தொட்டியைப் படத்தில்தான் பார்த்திருந்தார். இன்னொன்றில் மூன்று நிமிடத்துக்கு ஒருமுறை ஒரு பம்பின் பெயர் வந்தது.

பன்னிரண்டாவது இது. 'தொட்டிக்குள் இறங்குவதற்கு முன்.' விற்பனை எதுவும் இல்லை. இந்த வருடம் மார்ச் பதினான்கில் பதிவானது. பேசுபவர் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் 'இந்த வேலையை நேரில் செய்தவர்' என்று மட்டும் இருந்தது. நான்குக்கும் சரி போட்டார். தேதியைப் பார்த்தபோது மனதில் ஏதோ நெருடியது. நெருடலுக்கு ஃபைல் கிடையாது என்பதால் விட்டுவிட்டார்.

அந்தத் தேதியில்தான் தொட்டி கழுவும் பிரிவிலிருந்த ஷாமினி செத்துப்போனாள்.

மருந்து கெடாமல் இருக்கத் தொட்டியில் நைட்ரஜன் நிரப்பி வைப்பார்கள். அதற்கு நிறமில்லை, மணமில்லை. கழுவுகிறவர் இறங்குவதற்கு முன் உள்ளே ஆக்சிஜன் எவ்வளவு என்று கருவியை விட்டு அளக்க வேண்டும். மூன்றாம் தொட்டிக்குள் விழுந்த ஸ்பேனரை எடுக்க ஷாமினி அளக்காமல் இறங்கினாள். அளக்க வேண்டும் என்று அவளுக்கு யாரும் சொன்னதில்லை. சொன்னதாகக் காகிதம் மட்டும் இருந்தது. பிரிவிலிருந்த பன்னிரண்டு பேருக்கும் தனேஸ்வரனே வெபினாரை ஓடவிட்டு, தனேஸ்வரனே தேர்வெழுதி, எல்லோருக்கும் நூறு வந்தால் ஆய்வாளருக்கு உறுத்தும் என்று ஆளுக்கொரு மார்க்காகப் பிரித்துப் போட்டிருந்தார். ஷாமினிக்குக் கொஞ்சம் தாராளமாகவே, தொண்ணூற்று ஐந்து.

அந்தத் தொண்ணூற்று ஐந்தை வைத்துத்தான் விசாரணையில் முடிவெழுதினார்கள். நன்றாகப் படித்துத் தேறியவள், தெரிந்தே மீறினாள், தவறு அவளுடையது.

அவளுடைய தாய் கருப்பம்மாள் ஒரு நாள் வந்து இதே அறையில் உட்கார்ந்தாள். அழவில்லை. என் மகள் அந்தப் படத்தைப் பார்த்தாளா தம்பி என்று கேட்டாள். பார்த்தாள் என்றார். எந்த நாள் என்றாள். ரிக்கார்டைப் பார்த்துச் சொன்னார்.

"அன்னிக்குப் பூரா ஆஸ்பத்திரியில என் கட்டிலுக்குப் பக்கத்துலதான் இருந்தா, தம்பி."

"போன்லயும் பாக்கலாம்மா."

"அவளே வந்து சொல்லட்டும்," என்று எழுந்து போனாள். துக்கத்தில் பேசுகிறாள் என்று தனேஸ்வரன் அதற்கும் ஒரு காரணம் எழுதிக்கொண்டார்.

இப்போது அந்தத் தேதி பிடிபட்டுத் திரையை மூடப் பார்த்தார். முடியவில்லை. கணினிக்கு மின்சாரம் போகும் கம்பியைப் பிடுங்கினார். பேச்சு ஒரு எழுத்துகூடப் பிசகவில்லை.

கணினிப் பிரிவு யுகேந்திரனைக் கைப்பேசியில் அழைத்தார். அவன் தஞ்சோங் மாலிமில் யாரோ சொந்தக்காரரின் நிச்சயதார்த்தத்தில் இருந்தான். பின்னால் மேளம் கேட்டது. கிளாஸ் விஷயத்தை மட்டும் விட்டுவிட்டு மற்றதைச் சொன்னார்.

"ரெக்கார்டிங் எப்படிண்ணே தானா ஓடும்? லேப்டாப்புல பேட்டரி இருக்குலா. இருங்க, இங்கேருந்து பாக்குறேன்."

மேளம் கொஞ்ச நேரம் தனியாக வாசித்தது.

"அண்ணே, நீங்க பாக்கலையே."

"நான்தான்டா உக்காந்திருக்கேன்."

"பாக்குறவங்கன்னு பன்னெண்டு பேர் இருக்காங்க. நம்ம கழுவுற டிபார்ட்மெண்ட். ஷாமினி பேரு இன்னும் எடுக்கலியாண்ணே? அவளும் இருக்கா." அவன் குரல் கொஞ்சம் இறங்கியது. "உங்க பேரு கீழ தனியா இருக்கு. செய்முறை காட்டுறவர்னு போட்டிருக்கு."

அத்தோடு லைன் அறுந்தது.

மழை பிடித்தது. தகரக் கூரையில் முதலில் பத்து விரல் தட்டுவது போலவும், பிறகு லாரியிலிருந்து சரளைக்கல் கொட்டுவது போலவும் இறங்கி, அறையின் மூலைகளை நிரப்பி, குளிர்சாதனப் பெட்டியின் முனகலை விழுங்கி, அவர் நெஞ்சுக்குள் புகுந்து இடித்தது. பிறகு, சன்னலுக்கு வெளியே ரப்பர் இலைகள் தொடர்ந்து நனைந்து ஆடிக்கொண்டிருக்கும்போதே, சத்தம் மட்டும் நின்றது. அந்த நிசப்தத்தில் அவள் குரல் கேட்டது. ஆங்கிலத்தில் ஆரம்பித்த குரல் எப்போது தமிழுக்கு மாறியது என்று அவருக்குத் தெரியவில்லை. அது நேராக வரவில்லை. எங்கோ இரும்பில் பட்டு, வளைந்து, சுற்றி, முதுகுப் பக்கமாக வந்தது.

தனேஸ்வரன் மூக்கை உறிஞ்சினார். வாழைப்பழ வாடை இல்லை. சட்டைக் காலரை இழுத்து முகர்ந்தார். வியர்வைகூட இல்லை. பதினெட்டு வருட வாடையை யாரோ துடைத்து எடுத்துவிட்டார்கள்.

திரையில் அவள் முகக்கவசத்தைக் கீழே இறக்கினாள். உதடுகள் நீலமாக இருந்தன.

"சார், நான் பாத்தேன்னு எங்கம்மாகிட்ட சொன்னீங்கல்ல. இப்பத்தான் சார் பாக்கப் போறேன்."

எழுந்தார். கதவு ஆறு எட்டில் இருந்தது. ஆறு எட்டு வைத்தார். கை சுவரில் பட்டது. இன்னும் இரண்டு எட்டு. சுவர் சில்லென்று இருந்தது. வழுவழுப்பாக. மூலை வரவில்லை. கையால் தடவிக்கொண்டே போனார். மூலையே வரவில்லை.

"எல்லாரும் கிட்ட வாங்க," என்றாள் ஷாமினி. குரல் இப்போது மேலிருந்து வந்தது. "மொதல்ல ஒண்ணும் தெரியாது. மூச்சு நல்லாத்தான் வரும். பாருங்க, சார் நல்லாத்தான் மூச்சு விடுறாரு. அதுலதான் ஆளு ஏமாந்துர்றது."

உண்மைதான். மூச்சு நன்றாக வந்தது. தாராளமாக வந்தது. உள்ளே போய் எதுவும் செய்யாமல் திரும்பியது.

"ரெண்டாவது, முழங்கால்."

முழங்கால் மடிந்தது. அவர் மடக்கவில்லை. உட்கார்ந்த இடம் இரும்பு. கொஞ்சம் ஈரம்.

"ஷாமினி, எழுதித் தாரேன். அது பொய்யின்னு திங்கக்கிழமையே எழுதித் தாரேன். நீ பாக்கலன்னு..."

"குறுக்க பேசாதீங்க சார். கேள்வியெல்லாம் கடைசியிலதான்."

கத்த நினைத்தார். வாய் திறந்தது. நாக்கு கனத்தது.

"மூணாவது, கத்த முடியாது. உள்ள இருக்கிறவன் கூப்பிடுவான்னு வெளிய நிக்கிறவன் காத்திருந்தா ஆளு போயிரும். எழுதிக்கிட்டீங்களா? நான் போனப்ப வெளிய ஆளே இல்ல. அதையும் எழுதிக்குங்க."

காகிதம் புரளும் சத்தம். பேனா கீறும் சத்தம். ஒன்றல்ல. நிறைய.

"நாலாவது, வெரலு. நகத்தப் பாருங்க."

அவரும் பார்த்தார். நீலம்.

பயம் வர வேண்டும். வரவில்லை. அதுதான் பயங்கரமாக இருந்தது. தூக்கம் வந்தது.

தலையை உயர்த்தினார். வெகு உயரத்தில் ஒரு வட்ட வெளிச்சம். விளிம்பைச் சுற்றித் தலைகள். தலைமுடி வலை. முகக்கவசம். பன்னிரண்டு.

"அஞ்சாவதுக்குக் கொஞ்ச நேரம் ஆகும்," என்றாள் ஷாமினி. "யாரும் போயிறாதீங்க."

ஒருவரும் போகவில்லை. ஒருவரும் கொட்டாவி விடவில்லை. எல்லோரும் இன்னும் கொஞ்சம் குனிந்து, கண் இமைக்காமல், மிகுந்த கவனத்தோடு பார்த்துக்கொண்டிருந்தார்கள்.