பூவரசன், 1.4 கி.மீ.

பூவரசனின் பெயருக்குப் பக்கத்தில் பச்சைப் புள்ளி எரிந்தது.

காவியா அதை உடனே கவனிக்கவில்லை. அந்தப் பழைய லேப்டாப்பில் போன் விளையாட்டைத் திறப்பதென்றால் டீ போட்டுக் குடித்துவிட்டே வரலாம். விசிறி மாவு மில் மாதிரி இரைந்து, திரை இரண்டு முறை கறுத்து, பிறகுதான் துப்பாக்கி ஏந்திய அவளுடைய பொம்மை வந்து நின்றது. ஓரத்தில் 'அருகில் இருப்பவர்கள்' என்றொரு பட்டியல். மரவள்ளிக் காட்டுக்கு நடுவே தனியாக நிற்கும் இந்தக் கொட்டாய் வீட்டில் எப்போதும் ஒரே ஒரு பெயர்தான் அதில் வரும். இன்றும் வந்திருந்தது. பூவரசன், 1.4 கி.மீ. பச்சை என்றால் ஆள் இப்போது விளையாட்டுக்குள் இருக்கிறான் என்று பொருள்.

அவனைப் புதைத்து இருபத்தொரு நாள் ஆகியிருந்தது.

ஏதாவது கோளாறாக இருக்கும் என்று நினைத்தாள். மூடிவிட்டுத் திரும்பத் திறந்தாள். பெயர் அங்கேயேதான் இருந்தது. வெளியே ஐப்பசி மழை ஒரே சீராகக் கொட்டிக்கொண்டிருந்தது. மணி ஐந்தரைதான், ஆனாலும் வீட்டுக்குள் இருட்டு கட்டிவிட்டது. மத்தியானம் போன கரண்ட் இன்னும் வரவில்லை, லேப்டாப் பேட்டரியில்தான் ஓடியது. பால் சொசைட்டிக்குப் போன அம்மா மாதம்மாளும் இன்னும் வரவில்லை. கருமாதி முடிந்ததிலிருந்தே அம்மா சாயங்காலம் போனால் திரும்ப நேரமாகிறது. எங்கேயாவது உட்கார்ந்து அழுதுவிட்டு வரட்டும் என்று காவியாவும் கேட்பதில்லை.

லேப்டாப்பில் ஆட வைத்ததே தம்பி பூவரசன்தான். "உம் போனு ஒரு டப்பாக்கா, அதுல பேசலாம், நெட்டு குடுக்கலாம், அவ்வளவுதான். நீ லேப்டாப்புலயே ஆடு, நான் ஏத்தித் தரேன்" என்று ஒரு செயலியைப் போட்டுக் கொடுத்தான். அது லேப்டாப்புக்குள் ஒரு பொய்ப் போனை உண்டாக்கும். விரல் வைக்க வேண்டிய இடத்துக்கெல்லாம் ஒவ்வொரு எழுத்தை ஒட்டி வைத்தான்: நடக்க நாலு எழுத்து, சுட ஒன்று, குதிக்க நீளப் பட்டன். ஆனால் பொய்ப் போனுக்கு அது எங்கே இருக்கிறது என்று தெரியாது. நாம்தான் சொல்ல வேண்டும். வரைபடத்தில் சிவப்புக் குண்டூசி ஒன்றை இழுத்து எங்கே விடுகிறோமோ, அங்கே இருப்பதாகவே அது ஊருக்கெல்லாம் சொல்லும். பூவரசன் அதை இந்த வீட்டுக் கூரைமேல் நட்டு வைத்திருந்தான். கூட்டாளிகள் பக்கத்தில் பக்கத்தில் இருந்து ஆடினால் கூடுதல் பலம் என்பது அந்த விளையாட்டின் விதி. அவன் கட்டிலில் போனோடு, இவள் தரையில் லேப்டாப்போடு. பட்டியலில் எப்போதும் பூஜ்யம் மீட்டர்.

கம்பைநல்லூர் ரோட்டில் லைட் இல்லாமல் நின்ற டிராக்டர் டிரெய்லரில் அவன் பைக் மோதியது. போனுக்கு ஓரத்தில் ஒரு கீறல்தான். "அது இல்லாம எம்புள்ள தூங்க மாட்டான், அதையும் அவங்கூட வச்சிடுங்க" என்று அம்மா பிடிவாதம் பிடித்தாள். செத்தவனுக்குப் பிடித்ததைக் குழியில் வைப்பது ஊரில் வழக்கம்தான். வெற்றிலை வைப்பார்கள், பீடிக்கட்டு வைப்பார்கள். பங்காளிகள் மறுக்கவில்லை. சட்டைப் பையில் போனை வைத்தவள் காவியா. வைப்பதற்கு முன்னால் நூறு சதவீதம் சார்ஜ் ஏற்றினாள். ஏன் ஏற்றினாள் என்று கேட்டால் அவளுக்கே சொல்லத் தெரியாது. அணைக்க வேண்டும் என்று அவளுக்கும் தோன்றவில்லை, வேறு யாருக்கும் தோன்றவில்லை.

பெண்கள் ரோடு வரைதான் போகலாம். அதற்கு மேல் ஆண்கள் தூக்கிக்கொண்டு ஏரிக்கரை ஏறினார்கள். குழி எந்த மரத்தடியில் என்றுகூட அவளுக்குத் தெரியாது. வீட்டிலிருந்து எவ்வளவு தூரம் என்பது மட்டும் தெரியும். பள்ளிக்கூடம் போன காலத்தில் ஏரிக்கரை வழியாகத்தான் நடப்பாள். ஒன்றரைக் கிலோமீட்டருக்குக் கொஞ்சம் குறைவு.

அவளுக்குப் பயம் வரவில்லை. அதுதான் தப்பாகிப் போனது. மூன்று வாரமாக நெஞ்சுக்குள் கிடந்த கல் லேசாக அசைந்து, ஒரு சந்தோஷம், வெட்கங்கெட்ட சந்தோஷம் உள்ளே நுழைந்தது. போனவனைப் பேர் சொல்லிக் கூப்பிடக்கூடாது என்று பெரியவர்கள் சொல்லியிருந்தார்கள். அவள் கூப்பிடவில்லை. பெயருக்கு நேரே 'அழை' என்று ஒரு பட்டன் இருந்தது. பட்டனை அமுக்குவதைப் பற்றி யாரும் எதுவும் சொல்லியிருக்கவில்லை.

அமுக்கினாள்.

எப்போதும் போல ஒரு மூச்சு விடும் நேரத்துக்குள் பதில் வந்தது. விளையாட்டிலேயே எழுதி வைத்திருக்கிற ஆறேழு வாக்கியங்களில் ஒன்று.

'வருகிறேன்.'

அவள் வாயில் கை வைத்துக்கொண்டு அழுதாள். கண்ணைத் துடைத்துவிட்டுப் பார்த்தபோது 1.3 கி.மீ. என்று இருந்தது.

எவனாவது குழியைத் தோண்டிப் போனைத் திருடியிருப்பானோ என்று அப்போதுதான் தோன்றியது. அந்த நினைப்பு கொஞ்சம் ஆறுதலாகக்கூட இருந்தது. திருடன் என்றால் உயிருள்ள மனுஷன். ஆனால் திருடன் ரோட்டுக்குப் போவான், மொரப்பூருக்குப் போவான். எண் 1.1 ஆனது. அது மாரியம்மன் கோயில். 900 மீட்டர் என்று ஆனது. அது தண்ணீர் டேங்க். பைக்கில் வருகிற வேகம் இல்லை. மழையில், சேற்றில், காலை இழுத்து இழுத்து நடக்கிற வேகம்.

'பின்னால் வருகிறேன்.'

கொடியில் காயாத துணி வாடையும் அடுப்புச் சாம்பல் வாடையும் கலந்து கிடந்த வீட்டுக்குள், ஓட்டிலிருந்து அண்டாவுக்குள் சொட்டுகிற தண்ணீர்ச் சத்தத்துக்கும், தூரத்தில் மொரப்பூர் ஸ்டேஷனைத் தாண்டுகிற ரயிலின் நீண்ட கூவலுக்கும் நடுவே, அவள் லேப்டாப்பைத் தொடாமல் உட்கார்ந்து அந்த எண்ணையே பார்த்துக்கொண்டிருந்தாள். 600, வாய்க்கால் பாலம். 300, மரவள்ளிக் காட்டின் மேல்முனை. காட்டுக்குள் வழி கிடையாது. ஆனாலும் எண் வளையாமல் நேராகக் குறைந்தது.

லேப்டாப்பை அடித்து மூடினாள்.

மூடிய பிறகும் விசிறி இரைந்தது. உள்ளிருந்து செய்தி வரும் சத்தம் ஒரு தடவை கேட்டது. இன்னொரு தடவை. பார்க்காமல் இருப்பதுதான் பார்ப்பதைவிடக் கொடுமையாக இருந்தது, மறுபடி திறந்தாள்.

120. கிணறு.

'எங்கே இருக்கிறாய்?'

'எங்கே இருக்கிறாய்?'

40. மாட்டுக் கொட்டகையில் பசு கயிற்றை இழுத்தது. முளைக்குச்சி முனகியது. பிறகு பசுவும் சத்தமில்லாமல் நின்றுவிட்டது. கதவிடுக்கு வழியாக ஈர மண் வாடை வந்தது. மழை பெய்தால் வருகிற வாடை இல்லை, ஆழத்து மண். அதோடு அழுகிய சாமந்தி. அதற்கும் அடியில் பெரியாஸ்பத்திரி மருந்து நெடி.

12.

3.

0.

கதவின் அடிப்பக்கத்தில் மெதுவாக ஒரு இடி.

கையால் தட்டுகிற சத்தம் இல்லை. பூவரசன் கையால் தட்டியதே கிடையாது. இரண்டு கையிலும் போன் இருக்கும். காலால்தான் கதவைத் தள்ளுவான். அதற்காக அம்மாவிடம் எத்தனை திட்டு வாங்கியிருப்பான்.

மறுபடி ஒரு இடி. தாழ்ப்பாள் ஆடியது.

காவியாவின் கை தானாக ஓடியது. வரைபடத்தைத் திறந்தது. கூரைமேல் இருந்த சிவப்புக் குண்டூசியைப் பிடித்தது. காடு, பாலம், டேங்க், கோயில் எல்லாம் தாண்டி இழுத்தது. ஏரிக்கரையில் விட்டது.

நான் இங்கே இல்லை. அங்கே இருக்கிறேன். போ.

பட்டியலில் 1.4 கி.மீ. என்று வந்தது. போய்விட்டான் என்று ஒரு கணம் மூச்சு விட்டாள். அடுத்த கணமே உறைத்தது. போகவில்லை. நகர்ந்தது குண்டூசிதான். அவன் இங்கேயேதான், கதவுக்கு அந்தப் பக்கம் நிற்கிறான்.

இடி நின்றது.

ஈரத்தில் ஏதோ திரும்புகிற சத்தம். 1.3. பிறகு 1.2. குறையக் குறைய அவன் விலகிப் போகிறான் என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டே இருந்தாள். டேங்க் தாண்டியிருப்பான். கோயில் தாண்டியிருப்பான். அரை மணி நேரம் அசையாமல் உட்கார்ந்திருந்தாள். கால் மரத்துப் போனது. 200. 50. கடைசியில் பூஜ்யம் வந்தபோது சுவரில் தலையைச் சாய்த்து, "மன்னிச்சிருடா" என்றாள். தம்பியைத் தன் கையாலேயே ஏமாற்றி இரண்டாம் தடவை குழிக்கு அனுப்பியது போல இருந்தது. பயத்தைவிட அதுதான் அதிகமாக வலித்தது.

டப்பா போன் அடித்தது. அம்மா.

"கண்ணு..." மூன்று வாரத்தில் முதல் தடவையாக அம்மாவின் குரலில் உயிர் இருந்தது. "கண்ணு, நம்ம பூவு வந்துட்டான்டி."

"அம்மா, எங்கம்மா இருக்க?"

"ஏரிக்கர மேல. உங்கிட்ட சொன்னா திட்டுவியேன்னுதான் சொல்லல. தெனமும் வந்து ஒரு வெளக்கு ஏத்திட்டுப் போவேன். பொம்பள வரக்கூடாதுன்னா, யாரு பெத்தாங்களாம் அவன? இன்னைக்கு வந்து பாத்தா குழி தொறந்து கெடக்கு. அய்யோன்னு உக்காந்துட்டேன். மழ விடலயா, எழுந்திரிக்கவே முடியல. இப்ப நம்ம வூட்டுப் பக்கமிருந்து நடந்து வரான் கண்ணு. எம்பக்கத்துல வந்து நிக்கிறான்."

"அம்மா, அவனத் தொடாத. அம்மா, ஓடி வந்துரு."

"எம்புள்ளய வுட்டுட்டு ஓடச் சொல்றியா?" அம்மா சிரித்தாள். பிறகு வேறு பக்கம் திரும்பிப் பேசினாள். "என்னடா தேடற? யாருடா வேணும்? அம்மாதான் இருக்கேன்ல." குரல் மாறியது. "ஏன்டா அப்படிப் பாக்குற? கைய வுடு. வலிக்குதுடா. பூவு..."

திரையில் செய்தி வந்தது.

'எங்கே இருக்கிறாய்?'

யோசிக்க ஒன்றுமே இல்லை. அம்மாவின் பக்கத்தில் குண்டூசியை நட்டவள் அவள்தான். குண்டூசி இருக்கும் இடத்தைவிட்டு அவன் நகரப் போவதில்லை.

காவியா அதைப் பிடுங்கினாள். விரல் வழுக்கியது. கோயில், டேங்க், பாலம், காடு. தன் வீட்டுக் கூரைமேல் கொண்டுவந்து விட்டாள்.

'வருகிறேன்.'

"அம்மா? கைய வுட்டுட்டானா?"

"வுட்டுட்டான்." அம்மா மூச்சு வாங்கினாள். "வூட்டுக்குக் கெளம்பிட்டான் கண்ணு."

"நீ வராத. ரோட்டுக்குப் போ. யார் வூட்லயாவது ஏறிக்க. அவன்கூட வராதம்மா, உன் கால்ல விழறேன்."

"மழயில நனஞ்சிக்கிட்டுப் போறான் பாரு," என்றாள் அம்மா, காவியா சொன்னது எதுவும் காதில் விழாத மாதிரி. "கொட புடிக்கக்கூட ஆளில்லாம." போன் நின்றுபோனது.

திரும்ப அடித்தாள். மணி போய்க்கொண்டே இருந்தது, யாரும் எடுக்கவில்லை.

எண் குறைந்தது. அவள் வெளியே ஓடவில்லை. ஓடினால் குண்டூசி இங்கே இருக்கும், அவள் வேறெங்கோ இருப்பாள், அவன் தேடுவான், தேடும்போது பக்கத்தில் அம்மா இருப்பாள். எனவே தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, லேப்டாப்பை மடியில் வைத்து, தம்பி அவளை எப்போதும் எங்கே எதிர்பார்ப்பானோ அங்கேயே இருந்தாள். 700. 400. லேப்டாப்பின் சூடு தொடையைச் சுட்டது. 90. பசு கத்தவில்லை. 20.

5.

0.

கால் இடிக்கவில்லை. வளையல் போட்ட கை ஒன்று கதவைத் தட்டியது.

"கதவத் தொற கண்ணு. நாந்தான்."

அம்மாவின் குரல்தான். களைத்திருந்தாலும் உயிரோடு இருந்தாள். காவியா எழுந்து போய்த் தாழ்ப்பாளை எடுத்தாள்.

அம்மா தொப்பலாக நனைந்து வாசலில் நின்றாள். புடவை உடம்போடு ஒட்டியிருந்தது, முகத்தில் தண்ணீர் ஓடியது, பல் கிடுகிடுத்தது. வலது மணிக்கட்டில் ஐந்து விரலும் கருநீலமாகப் பதிந்திருந்தன. அந்தக் கையை முடிந்தவரை உயரத் தூக்கி, குடையைத் தனக்குப் பிடிக்காமல் பக்கத்தில், தன்னைவிட ஒரு முழம் உயரத்தில் பிடித்திருந்தாள்.

குடைக்கு அடியில் இருட்டாக இருந்தது. நெஞ்சுயரத்தில் மட்டும் ஒரு போன் வெளிச்சம். ஓரத்தில் கீறல் விழுந்த திரை. அதை இரண்டு கட்டைவிரல்கள் பிடித்திருந்தன; நகங்களுக்குள் செம்மண். வெளிச்சம் மேலே ஏறி மோவாய் வரை தெரிந்தது. மோவாயைச் சுற்றித் தலை உச்சிக்குப் போகும் வெள்ளைத் துணிக் கட்டு, மண்ணேறிச் சிவந்து, ஊறி, சதையில் புதைந்திருந்தது. அதற்குள்ளே தாடை அசைந்துகொண்டிருந்தது. எதையோ சொல்லப் பார்த்து, மேலும் கீழும், மேலும் கீழும்.

"ஒரு வார்த்த பேச முடியல புள்ளைக்கு," என்று அம்மா தேம்பினாள். "இப்படி இறுக்கிக் கட்டி வுட்டுட்டாங்க பாவிங்க. எங்கையில தெம்பில்ல கண்ணு. நீ அவுத்து வுடு."