நாற்பத்தேழாம் எண் கன்றின் வயது

"அக்டோபர் 15, சனி. தவறு: 47-ஆம் எண் கன்றின் வயதை 163 நாள் என்று போட்டுவிட்டேன். சரியான வயது 167. இன்னும் அப்பாவிடம் சொல்லவில்லை."

இதை எழுதிவிட்டு மார்லிஸ் பென்சிலைக் கீழே வைத்தாள். மதியம் லாரி வந்துவிடும்.

நெப்ராஸ்கா மணல்மேடுகளில் இருக்கும் அவர்கள் பண்ணையில், முந்தின நாள்தான் கன்றுகளைத் தாய்ப்பசுக்களிடமிருந்து பிரித்து எடை போட்டிருந்தார்கள். கிடேரிக் கன்றுகளில் பத்து மட்டும் மந்தையில் தங்கும். மற்றவை விற்பனைக்கு லாரியில் ஏறும். எந்தப் பத்து என்பதை அப்பா எமில் வழக்கமாக வேலியில் சாய்ந்து, கண்ணால் பார்த்தே சொல்வார். பெரிய கன்றுகள் தங்கும். சின்னக் கன்றான 47 அவர் கண்ணிலேயே படாது.

மார்லிஸ் செவ்வாய்க்கிழமை மாலைக் கால்நடை வளர்ப்பு வகுப்பில் ஒரு கணக்குக் கற்றிருந்தாள். மார்ச்சில் பிறந்த கன்றையும் மே மாதம் பிறந்த கன்றையும் பக்கத்துப் பக்கத்தில் நிறுத்திப் பார்ப்பது நியாயமில்லை. ஒரு கன்று நாளுக்கு எத்தனை பவுண்டு ஏறியது என்று பார்த்து, எல்லாவற்றுக்கும் 205 நாள் வயது ஆனால் என்ன எடை இருக்கும் என்று கணக்கிட வேண்டும். தாய் இளம் பசுவானால் பால் குறைவு. அதற்கும் சில பவுண்டு சேர்க்க வேண்டும்.

47-இன் தாய்க்கு இரண்டே வயது. அதற்கு இதுதான் முதல் கன்று. பனிப்புயலில் ஓடைப் பள்ளத்தில் ஈன்றுவிட்டு, காற்றுக்குத் தன் உடம்பையே சுவராக நிறுத்திக் கன்றைக் காத்த பசு அது. கோடை முழுக்கத் தான் மெலிந்து கன்றைத் தேற்றியது. அதைக் கடந்து போகும்போதெல்லாம் தொப்பியைக் கழற்ற வேண்டும்போல் மார்லிஸுக்குத் தோன்றும்.

நேற்றுப் போட்ட கணக்கில் 47-க்கு 580 பவுண்டு வந்தது. பத்தாவது இடம். அண்ணன் ராய்ஸ் ஆசைப்பட்ட 61-க்கு 572. பதினோராவது இடம். அதற்கடுத்த கன்று 550-ஐத் தாண்டவில்லை. "தாள்ல மட்டும் கொழுத்த கன்னுக்குட்டி" என்று ராய்ஸ் கேலி செய்தான். அப்பா தாளை இரண்டு முறை படித்துவிட்டு, இந்த வருடம் பட்டியல்படியே போகலாம் என்றார்.

இன்று காலை மார்லிஸ் தன் டைரியின் பழைய பக்கங்களைப் புரட்டினாள். ஏப்ரல் 30-ஆம் தேதிப் பக்கத்தில், "கரண்ட் போய்விட்டது. பனியில் பிறந்த கன்றைச் சமையலறைக்குத் தூக்கி வந்தார்கள். என் துண்டு நாசம்" என்று இருந்தது.

அதுதான் 47. ஆனால் அப்பாவின் சட்டைப்பை நோட்டில் அதற்கு மே 4 என்று இருந்தது. அது புயல் ஓய்ந்தபின் காதில் எண் வில்லை மாட்டிய நாள். அதையே பிறந்தநாள் என்று அவள் எடுத்துக்கொண்டிருந்தாள்.

சரியான தேதியை வைத்துப் போட்டால் வயது நான்கு நாள் கூடி, எடை 569-ஆகக் குறைந்தது. மூன்று முறை போட்டாள். மூன்று முறையும் 569. இப்போது 61 முந்திவிட்டது.

பட்டிக்குப் போய் அப்பாவிடம் சொன்னாள்.

"அப்ப 61 இங்க, 47 லாரில" என்றான் ராய்ஸ்.

அப்பா சட்டைப்பை நோட்டை எடுத்து நீட்டினார். மே 4-க்கு நேரே இரண்டு எண்கள் இருந்தன: 47, 61.

"அப்பா, 61-க்கும் அன்னிக்குத்தான் வில்லை மாட்டினீங்களா?"

"ரெண்டுக்கும் ஒண்ணாத்தான்."

"அப்ப 61 எப்பப் பொறந்தது?"

அப்பாவுக்கு நினைவில்லை. மார்லிஸின் டைரியிலும் 61-ஐப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. ராய்ஸ் பூட்ஸ் நுனியால் மண்ணைக் கிளறிக்கொண்டு நின்றான்.

"கரண்ட் போச்சுல்ல, அதுக்கு முந்தின நாள்" என்றான் கடைசியில். "நான்தான் மொதல்ல பாத்தேன். அப்பத்தான் பொறந்து ஈரமா நின்னுச்சு."

"ஏப்ரல் இருபத்தொம்பதா?"

"ஆமா. சீக்கிரம் எழுது. எனக்கு மனசு மாறிடப் போகுது."

அப்படியானால் 61-க்கு வயது 168 நாள். வேலிப் பலகையில் தாளை வைத்து மார்லிஸ் கணக்குப் போட்டாள். 557 வந்தது. சரிபார்க்கச் சொல்லித் தாளை ராய்ஸிடமே கொடுத்தாள். அவன் தனியாகப் போட்டுப் பார்த்தான். "ஐந்நூத்தி அம்பத்தேழுதான்" என்று திருப்பிக் கொடுத்தான்.

அப்பா அவன் தோளில் ஒரு தட்டுத் தட்டிவிட்டு, 47-க்காகத் தங்கும் கன்றுகளின் அடைப்புக் கதவைத் திறந்தார். அந்தச் சின்னக் கன்று உள்ளே வந்ததும் தன்னைவிடப் பெரிய கன்றை முட்டித் தள்ளிவிட்டு வைக்கோலில் வாய் வைத்தது.

61-ஐ ஏற்றிப் போன லாரி கிளப்பிய புழுதி அடங்கும்வரை ராய்ஸ் பாதையையே பார்த்துக்கொண்டிருந்தான். சாப்பாட்டு மேசையில் மார்லிஸ் தன் கேக்கை அவன் தட்டில் வைத்தாள்.

"சின்னதா இருக்கே. இதுக்கும் ஏதாவது கணக்குப் போட்டுக் கூட்டிக் குடுப்பியா?" என்று கேட்டுக்கொண்டே அவன் அதை இரண்டே வாயில் முடித்தான்.

டைரியில் அன்றைய கடைசி வரி இது: "நாளை காலை ஆறு மணி. பத்துக் கிடேரிகளுக்கும் தடுப்பூசி. முதலில் 47, அதுதான் அதிகம் உதைக்கும். பிடித்துக்கொள்ள ராய்ஸ் வருகிறான்."