யாரும் கேட்காத மறுப்பு

"வீ...ல்!"

ஆவண அறையிலிருந்து டைப்பிஸ்ட் அம்மாவின் அலறல்!

மாஜி நாற்காலியைத் தள்ளிவிட்டு ஓடினார். பதினெட்டு வருஷம் க்ரைம் நிருபர். மூன்று வருஷமாக அரசு மக்கள் தொடர்பு அதிகாரி. 'மாஜி' ஆபீஸ் வைத்த பட்டப்பெயர். ஆனால் அலறல் கேட்டால் கால் இன்னும் நிருபர் கால்தான்!

இயக்குநர் கதவை மறித்து நின்றார்.

"உள்ள வராதீங்க. நம்ம பாலம் இன்ஜினியர்... மாரடைப்பு. போயிட்டார்."

நல்ல மனுஷன். காலையில்தான் மாஜியின் காதில் போட்டு வைத்திருந்தார்... "பாலம் தாங்காது சார். மத்தியானம் ரிப்போர்ட் தர்றேன்."

"போலீசுக்குச் சொல்லியாச்சா சார்?"

"எதுக்கு? ஒரு மணி நேரத்துல ஆம்புலன்ஸ் வரும், ஊருக்கு அனுப்பிடலாம். நாளைக்குப் பாலம் திறப்பு! ஒரு வார்த்தை வெளிய போச்சு... உங்க வேலை போச்சு! போனைக் குடுங்க!"

போன் பறிபோனது.

"யாராவது கேட்டா குடுக்க ஒரு மறுப்பு ரெடியா இருக்கட்டும். எழுதிக்கோங்க... 'கழுத்தில் எந்தக் காயமும் இல்லை. கேமரா நிறுத்தப்படவில்லை. பாலம் பற்றிய அறிக்கை எதுவும் காணாமல் போகவில்லை.'"

மாஜியின் பேனா நின்றது.

கழுத்தா...? கழுத்தைப் பற்றி யார் கேட்டது?

முகத்தில் ஒன்றும் காட்டவில்லை.

"பிரமாதம் சார்! ஒரு கையெழுத்து..."

இயக்குநர் கெத்தாகப் போட்டார்.

ஒரு மணி நேரம் ஓடியது. வாசலில் ஆம்புலன்ஸ்! ஸ்ட்ரெச்சர் வெளியே வந்தது.

இயக்குநரின் போன் அலறியது!

"சார், பத்திரிகையிலிருந்து பேசறேன். 'கழுத்தில் காயம் இல்லை'ன்னு மறுப்பு அனுப்பியிருக்கீங்க... யார் கழுத்து சார்?"

பக்கத்தில் நின்ற மாஜிக்கு அந்தக் குரலை நன்றாகத் தெரியும். வீட்டுக்காரி! அவருடைய பழைய பத்திரிகையின் இன்றைய க்ரைம் நிருபர்!

"எ... என்ன மறுப்பு?"

"நீங்க கையெழுத்துப் போட்டதுதான்! உங்க ஆபீஸ் மெயில்லயே எல்லாப் பத்திரிகைக்கும் வந்திருக்கு. வாசல்ல நிக்கிறோம். போலீசும் கூடவே வந்திருக்கு!"

இன்ஸ்பெக்டர் ஸ்ட்ரெச்சரை நிறுத்தித் துணியை விலக்கினார். கழுத்தைச் சுற்றி ஒயர் தடம்! இயக்குநரின் பெட்டியில் இன்ஜினியரின் ரிப்போர்ட்!

"துரோகி! யாராவது கேட்டாத்தானே குடுக்கச் சொன்னேன்!"

"யாரும் கேக்கல சார்... கேக்கட்டும்னுதான் அனுப்பினேன்."

இயக்குநர் கையில் விலங்கு ஏறியது.

"எல்லாம் பொய்! நான் மறுக்கிறேன்!"

மாஜி பவ்யமாக நோட்டைத் திறந்தார்.

"சொல்லுங்க சார்... எழுதிக்கிறேன்!"