யூத்தர்ஷேர் துறையின் வெள்ளைத் தட்டு

பியர்க்ஹோல்ம் துறையில் வெள்ளைத் தட்டு ஏறியிருந்தது; ஆனால் துறையில் ஆள் யாரும் இல்லை.

யில்வா படகின் முன்பக்கத்தில், பனி கோத்திருந்த கம்பியைப் பிடித்தபடி அதைப் பார்த்துக்கொண்டு நின்றாள். மூடுபனி தண்ணீரையும் பாறைகளையும் பைன் மரங்களின் இடுப்பு வரையிலும் விழுங்கியிருந்தது. காலை பத்தரை மணிக்கு விளக்குப் போட்டு ஓட வேண்டியிருந்த அந்த வெளுப்பில், தட்டு ஒன்றுதான் தெளிவாகத் தெரிந்தது. ஸ்டாக்ஹோமுக்கு வெளியே சின்னத் தீவுகளில் இதுதான் ஏற்பாடு. துறையில் ஒரு கம்பம், அதில் ஒரு வட்டத் தட்டு, அதை ஏற்ற ஒரு கயிறு. தீவை விட்டுப் போக வேண்டியவர் கயிற்றை இழுத்துத் தட்டை ஏற்றி, கயிற்றை ஆணியில் மாட்டிவிட்டுக் காத்திருப்பார். படகு வந்து நிற்கும். ஏறும் முன் தட்டை இறக்கிவிட வேண்டும். பாதிப் பேர் மறந்துவிட்டு ஏறிப் போவார்கள். படகுக்காரர்கள் திட்டுவதற்கென்றே இருக்கும் விஷயங்களில் இதுவும் ஒன்று.

"எவனோ இறக்காமப் போயிட்டான்," என்றார் தோர்கெல், சுக்கான் அறையின் ஜன்னலைத் திறந்து. அறுபத்தோரு வயது. இருபத்தெட்டு வருடமாக இதே தண்ணீரில் படகு ஓட்டுகிறவர். "பரவால்ல, நிப்பாட்டறேன்."

"நம்ம நிறுத்தமே இல்லையே இது."

"போன வருஷத்துக்கு அப்புறம் எந்தத் தட்டையும் நான் தாண்டிப் போறதில்ல பொண்ணே. தூக்கம் வரணுமே எனக்கு."

குளிரிலும் யில்வாவின் காது மடல்கள் சுட்டன. அவள் குதித்து இறங்கி, கயிற்றை ஆணியிலிருந்து கழற்றித் தட்டை இறக்கினாள். அது மரத்தில் மோதிய சத்தம் பனிக்குள் போய் அப்படியே அடங்கிவிட்டது.

மே மாதத்தின் முதல் பயணம். பதினொரு பேர்தான் வந்திருந்தார்கள். அரை நாளில் மூன்று தீவு, நடுவில் காபியும் இலவங்கப்பட்டை பன்னும். அவள் ஒலிபெருக்கியில் கடல் கழுகைப் பற்றிப் பேசினாள், அந்தப் பனியில் யார் கண்ணுக்கும் தெரியாத கழுகைப் பற்றி. காபித் தட்டை எடுத்துக்கொண்டு வரிசையாகப் போனபோது, கடைசி இருக்கையில் சாம்பல் நிறக் கோட்டுப் போட்ட ஐம்பது வயதுப் பெண் நிமிர்ந்து பார்த்தாள்.

"நீங்கதானே யில்வா? போன வருஷமும் இந்தப் படகுல இருந்தது நீங்கதானே?"

"ஆமா."

"நான் ஹில்டிங்கோட பொண்ணு. குனில்லா."

யில்வா காபித் தட்டை வயிற்றோடு அணைத்துக்கொண்டாள்.

"பயப்படாதீங்க, நான் சண்டை போட வரல," என்றாள் குனில்லா. "அந்த இடத்தைப் பார்க்கணும். அப்புறம் உங்களை ஒரு கேள்வி கேக்கணும். ஒண்ணே ஒண்ணு. அங்க போய்க் கேக்கறேன்."

அது என்ன கேள்வி என்று யில்வாவுக்குத் தெரியும். ஏழு மாதமாக அதே கேள்வியோடுதான் அவள் பல் தேய்த்தாள், சாப்பிட்டாள், படுத்தாள்.

போன அக்டோபர், பருவத்தின் கடைசிப் பயணம். ஆள் குடியில்லாத யூத்தர்ஷேரில் கொட்டுகிற மழை. "எல்லாரும் ஏறியாச்சா?" என்று தோர்கெல் கேட்க, எண்ணாமலே "ஆச்சு" என்றாள். படகு திரும்பிய பிறகு பின்பக்கம் போய்ப் பார்த்தபோது துறையில் தட்டு ஏறியிருந்தது. அதன் கீழே ஏதோ நின்றது. புதர் என்று வைத்துக்கொண்டாள். யாரோ மறந்துவிட்டுப் போன தட்டு என்று வைத்துக்கொண்டாள். அந்தத் துறையின் ஆணி ஜூலையிலேயே ஒடிந்துவிட்டது, கயிற்றைக் கையில் பிடித்துக்கொண்டே இருந்தால்தான் அங்கே தட்டு மேலே நிற்கும் என்பது அவளுக்கு நன்றாகவே தெரியும். திரும்பினால் கால் மணி நேரம் போகும். அன்று மாலை பருவ முடிவு விருந்து. அதற்கு முன் வீட்டுக்குப் போய்த் தலைக்குக் குளிக்க வேண்டும் என்று நினைத்தாள். அதற்காகத்தான். வேறு ஒரு காரணமும் இல்லை.

நான்காம் நாள் யாரோ மீன்பிடிக்கப் போனவர் ஹில்டிங்கைத் துறையில் பிணமாகப் பார்த்தார். பழைய டிராம் ஓட்டுநர், எழுபத்து நாலு வயது, தனி ஆள், கைப்பேசி வைத்துக்கொள்ளாதவர். தட்டு கீழே கிடந்தது. கிளம்பும்போதும் தட்டு கீழேதான் இருந்தது, ஆட்களை எண்ணித்தான் ஏற்றினேன், ஏறிய ஹில்டிங் யாரும் பார்க்காதபோது மறுபடி இறங்கியிருக்க வேண்டும் என்று யில்வா போலீஸில் எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தாள். எழுதும்போது கை நடுங்கக்கூட இல்லை. அதை நினைத்தால்தான் அவளுக்கு இன்னும் கூசியது.

ஆல்ஷேர் துறையிலும் தட்டு ஏறியிருந்தது.

"இன்னைக்கு என்ன, எல்லாருக்கும் ஞாபக மறதியா?" என்று முனகியபடி தோர்கெல் படகை ஒதுக்கினார். யில்வா ஏறுபலகையைத் தள்ளித் துறையில் வைத்தாள். காத்திருந்தார்கள். பனி நகரவில்லை. பாசியும் டீசலும் கலந்த வாடை. எங்கோ ஒரு வாத்து, பிறகு அதுவும் இல்லை.

"ஏறினது பேயா இருந்தா டிக்கெட் உண்டா கேப்டன்?" என்றார் நார்வேக்காரர் ஒருவர்.

"முதியோர் சலுகை உண்டு," என்றார் தோர்கெல். எல்லோரும் சிரித்தார்கள். குனில்லாவும் கொஞ்சம்.

யில்வா பலகையை இழுக்கக் குனிந்தாள். பலகை அவள் கைக்குக் கீழே தாழ்ந்தது. கனமான ஒரு கால் வைத்தது போல, நடுவில் வளைந்து, மெல்ல நிமிர்ந்தது. மறுபடி தாழ்ந்தது, இன்னும் கொஞ்சம் கிட்டே. மூன்றாம் முறை தாழ்ந்தபோது நனைந்த கம்பளிச் சட்டையின் வாடை அவள் முகத்தை ஒட்டிக் கடந்து போனது. அவள் தலையை நிமிர்த்தவில்லை. நிமிர்த்தினால் முகம் பார்க்க வேண்டியிருக்கும். பயத்தைவிட, அந்த முகத்தின் முன்னால் நிற்க வேண்டிய வெட்கம்தான் அவள் கழுத்தைப் பிடித்து அழுத்தியது.

"என்னம்மா, பலகை மாட்டிக்கிச்சா?"

"இல்ல. வந்துடுச்சு."

யூத்தர்ஷேரில் தட்டு கீழே இருந்தது. தோர்கெல் சத்தமில்லாமல் படகைத் துறையோடு அணைத்தார். பத்துப் பேர் பழைய கலங்கரை விளக்கத்தைப் பார்க்கப் பாதையில் போனார்கள். அவர்கள் பேச்சு இருபது அடியில் அறுந்தது. துறையில் குனில்லாவும் யில்வாவும் மட்டும். மரப்பலகைகள் கறுத்து ஊறியிருந்தன. கம்பத்தில் ஒடிந்த ஆணியின் அடிப்பாகம் துருவேறி நின்றது. அதற்குப் பக்கத்தில் கயிறு தொங்கியது. அசையாமல்.

குனில்லா கம்பத்துக்கு முதுகைக் காட்டி நின்றாள்.

"அப்பாவும் நானும் ரெண்டு வருஷமா பேசல. என்ன சண்டைன்னு கேட்டா சிரிப்பீங்க, ஒரு அலமாரிக்காக. செப்டம்பர்ல நானே லெட்டர் போட்டேன், கிறிஸ்துமஸுக்கு வாங்கப்பான்னு. பதில் வரல. அப்புறம் இது." மூக்கைத் துடைத்துக்கொண்டாள். "தட்டை ஏத்தியிருந்தார்னா, வீட்டுக்கு வரணும்னு நினைச்சிருக்கார். ஏத்தவே இல்லன்னா, வேணும்னேதான் இங்க உக்காந்துட்டார். எனக்கு அது மட்டும் தெரிஞ்சா போதும். நீங்க கிளம்பும்போது தட்டு எங்க இருந்துச்சு?"

இரண்டு வார்த்தை. மேலே இருந்துச்சு. அவ்வளவுதான். அவர் கயிற்றைப் பிடித்துக்கொண்டு நின்றார், கை விட்டுப் போகிற வரைக்கும் பிடித்துக்கொண்டு நின்றார், அதனால்தான் பிறகு அது கீழே கிடந்தது. இதைச் சொல்ல உலகத்தில் ஒருத்திதான் இருக்கிறாள். யில்வா வாயைத் திறந்தாள். போலீஸ் தெரிந்தது, தோர்கெலின் முகம் தெரிந்தது. தலைக்குக் குளிக்கப் போனேன் என்று இந்தப் பெண்ணிடம் சொல்வது தெரிந்தது.

"கீழதான் இருந்துச்சு," என்றாள். குரல் தெளிவாக வந்தது.

கம்பத்தின் உச்சியில் கப்பி முனகியது.

குனில்லாவின் தலைக்குப் பின்னால் தட்டு ஏறிக்கொண்டிருந்தது. மெதுவாக. விட்டு விட்டு. சக்தியில்லாதவர் இழுப்பது போல. கயிறு விறைத்தது. நெஞ்சு உயரத்தில், வெறும் காற்றில், கயிற்றின் புரிகள் நசுங்கி உள்ளே ஒடுங்கின. தண்ணீர் சொட்டியது. பிடி இறுகியது.

"என்ன பார்க்கறீங்க?"

குனில்லா திரும்பினாள். தட்டு விழுந்தது. மரத்தில் அறைந்தது. கயிறு மட்டும் ஆடியது.

"காத்து," என்றாள் யில்வா.

காற்று இல்லை. பனி சுவர் போல நின்றது.

குனில்லா வெகு நேரம் கயிற்றையே பார்த்தாள். பிறகு தலையசைத்தாள். "அப்போ என்னைப் பார்க்க அவருக்கு விருப்பமே இல்ல. சரி. ரெண்டுல எதுன்னு தெரியாம இருக்கறதுக்கு இது தேவல." அவள் கிட்டே வந்து, ஈரக் கையால் யில்வாவின் கையைப் பிடித்து அழுத்தினாள். "மழுப்பாம சொன்னதுக்கு நன்றி."

யில்வாவுக்கு அந்த இடத்திலேயே தண்ணீரில் இறங்கிவிடலாம் போலிருந்தது. இப்போதும் சொல்லலாம். அந்தக் கை இன்னும் பிடியில்தான் இருக்கிறது. அவள் தானும் அழுத்திவிட்டு, விட்டாள்.

மற்றவர்கள் திரும்பி வந்தார்கள்.

"எல்லாரும் ஏறியாச்சா?" தோர்கெலின் குரல்.

எண்ணினாள். பதினொன்று. மறுபடி. பதினொன்று. "ஆச்சு."

படகு விலகியது. அவள் பின்பக்கம் போனாள். போகக் கூடாது என்று நினைத்துக்கொண்டேதான் போனாள். துறை பின்வாங்கியது. பலகைகள் மறைந்தன. கம்பம் மறைந்தது. தட்டு மட்டும் மறையவில்லை. ஏறியது. வெள்ளையாக. அதன் கீழே ஒன்று நின்றது.

புதர் இல்லை.

சுக்கான் அறைக்கு இருபது அடி. கத்தினால் போதும். அவள் கத்தவில்லை.

அப்போது அவளுடைய வலது கை மேலே போனது. அவள் தூக்கவில்லை. தோளிலிருந்து யாரோ எடுப்பது போல் தானாக ஏறி, தலைக்கு மேல் நீண்டு, விரல்கள் எதையோ பற்றிக்கொண்டன. ஈரமான எதையோ. முறுக்கிய கயிற்றின் சொரசொரப்பு உள்ளங்கையில் அழுந்தியது. அங்கே எதுவும் இல்லை.

பயணிகள் பார்த்தார்கள். இதுவும் ஊர் வழக்கம் போல என்று நார்வேக்காரர் கையைத் தூக்கி, தீவை நோக்கி ஆட்டினார். அவரைப் பார்த்து இன்னொருவர். பிறகு எல்லோரும். குனில்லா பக்கத்தில் வந்து நின்று, தானும் கையைத் தூக்கினாள். கண்ணீர் வழிந்தது.

"அப்பாவுக்குத்தானே?" என்றாள். "நீங்க ரொம்ப நல்லவங்க."

ஒவ்வொருவராகக் கையை இறக்கிக்கொண்டு உள்ளே போனார்கள். குனில்லாவும் போனாள். கதவு மூடியது.

யில்வாவின் கை இறங்கவில்லை.

இடது கையால் பிடித்து இழுத்தாள். இறங்கவில்லை. தோள் வலித்தது. விரல்கள் மரத்தன. நகரத்துக்கு இன்னும் ஒன்றரை மணி நேரம். முதுகில் நனைந்த கம்பளி வந்து ஒட்டியது. மூச்சு இல்லாத ஒரு நெஞ்சு.

தலைக்கு மேலே, அவளுடைய விரல்களின் மீது, வேறு விரல்கள் ஒவ்வொன்றாக மூடின. ஐஸ் போல. இறுக்கின. பிடி தளர்ந்துவிடாமல் பார்த்துக்கொள்வது போல.

பிறகு இழுத்தன. மேலே. இன்னும் மேலே.

அவளுடைய குதிகால்கள் தளத்தை விட்டு எழும்பின.