பூமியில் தங்கிய அட்டை

முகம் கழுவும்போதுதான் முதல் மின்னல் வந்தது. மத்தியானம் மூன்று மணி, ஹூஸ்டனில் தார் உருகும் ஆகஸ்ட் வெயில். லொரெட்டா ஹ்ருஸ்கா ஆபீஸ் கழிப்பறையில் குளிர்ந்த தண்ணீரை முகத்தில் அடித்துக்கொண்டு கண்ணை மூடியபோது, இமைக்குள்ளே, இடக்கண் ஓரத்திலிருந்து மூக்குப் பக்கமாக, தீக்குச்சி உரசிய மாதிரி வெள்ளைக் கோடு ஒன்று ஓடி அணைந்தது.

களைப்பு என்று நினைத்தாள். இன்னொன்று ஓடியது.

அது என்னவென்று அவளுக்குத் தெரியாதா? இருபத்தாறு வருஷமாக விண்வெளி வீரர்கள், அவர்கள் வாங்கிய கதிர்வீச்சைக் கணக்கெழுதும் அவள் மேஜைக்கு எதிரே உட்கார்ந்து அதைத்தானே சொல்கிறார்கள்: “கண்ணை மூடினா கோடு கோடா வெளிச்சம் ஓடுது.” கதிர்வீச்சுத் துகள் கண்ணைத் துளைத்துக்கொண்டு போகிற வெளிச்சம் அது. அங்கே மேலே வரும். ஜன்னல் இல்லாத இந்தக் கட்டடத்துக்குள் யாருக்கும் வராது.

இருக்கைக்குத் திரும்பினாள். சுவரிலிருந்த ஸ்பீக்கரில் விண்கப்பலின் பேச்சு முணுமுணுத்தது. சந்திரனுக்குப் போகிற வழியில் நான்கு பேர். காலையில் சூரியன் ஒரு கதிர்வீச்சுப் புயலைக் கிளப்பிவிட்டது. சாப்பாட்டு மூட்டைகளையும் தண்ணீர்ப் பைகளையும் சுற்றி அடுக்கிக்கொண்டு நடுவில் முடங்கிக் கிடக்கிறார்கள். அவர்களில் ஒருவர் கர்டிஸ் வெண்ட்லண்ட். அந்தப் பெயர் காதில் விழுந்தாலே அவளுக்கு வெட்கத்தில் முகம் எரியும்.

ஒவ்வொரு வீரருக்கும் கதிர்வீச்சு பதியும் அட்டை இரண்டு. ஒன்று சட்டைப் பையில் மேலே போகும். மற்றது, ஒப்பிட்டுப் பார்ப்பதற்காக, எங்கேயும் போகாமல் அவள் டிராயரில் ஈயப் பெட்டிக்குள் கிடக்கும். இரண்டு வருஷத்துக்கு முன்னால் கர்டிஸின் அட்டையைப் படித்தபோது, அவர் ஆயுளுக்கு அனுமதித்த அளவு தாண்டியிருந்தது. இனி அவர் தரையில்தான்.

“மேடம், உங்க டிராயர்ல ஒரு சோம்பேறி தூங்குறானே, இந்த ஒரு தடவை அவன் போயிட்டு வந்ததா எழுதிக்குங்களேன்” என்று சிரித்தார் கர்டிஸ்.

அவளும் சிரித்தாள். டிராயரில் கிடந்த அட்டை காட்டிய அளவை, நம்பும்படி கொஞ்சம் கூட்டி, அவர் பெயரில் ஏற்றினாள். அத்தனை வருஷத்தில் அவளுக்கென்று ஏதாவது வாங்கி வந்த ஒரே வீரர் அவர். ஆப்ரிகாட் வைத்த கொலாச்சி ரொட்டி, ஒரு டப்பா. அதற்காகவா? ஆமாம், அதற்காகத்தான். சீ!

போன் அடித்தது. பயண மருத்துவர் டெல்கடோ.

“லொரெட்டா, கப்பல்ல ஒரு குழாய் கசியுது. யாராவது ஒருத்தர் அந்த மூட்டைங்களை விட்டு வெளிய வந்து அடைக்கணும். உங்க ரெக்கார்டுப்படி கர்டிஸ்தான் எல்லாரையும்விடக் கம்மியா கதிர்வீச்சு வாங்கியிருக்காரு. அவரையே அனுப்பிடலாம். சரிதானே?”

இல்லை என்று ஒரு சொல். சொன்னால் கர்டிஸ் பிழைப்பார். சொன்னால் டெல்கடோ ஏன் என்று கேட்பாள். கொலாச்சி டப்பா வரைக்கும் எல்லாவற்றையும் சொல்லவேண்டி வரும்.

“சரிதான் டாக்டர்.”

ஸ்பீக்கரில் மூட்டை நகரும் ஓசை. “வெளிய வந்துட்டேன்” என்றது கர்டிஸின் குரல்.

லொரெட்டாவின் கண் திறந்தேதான் இருந்தது. ஆனாலும் கோடுகள் ஓடின. மேஜை மேல், சுவர் மேல், தன் கை மேல், மழைபோல. வாயில் இரும்பை நக்கிய ருசி. கதிர்வீச்சு பட்டால் சத்தமிடும் கைக்கருவியை எடுத்து டிராயரில் காட்டினாள். சத்தமில்லை. ஈயப் பெட்டியில் காட்டினாள். சத்தமில்லை. சுவர். இல்லை.

தன் பக்கம் திருப்பினாள்.

டிக். டிக்டிக். பிறகு இடைவெளியே இல்லை.

“வேடிக்கையா இருக்குப்பா” என்று ஸ்பீக்கரில் கர்டிஸ் சிரித்தார். “காலையிலேர்ந்து கண்ணுக்குள்ள ஒரே வாணவேடிக்கை. இப்ப நின்னுபோச்சு. சுத்தமா இருட்டு.”

மறுபடி போன்.

“அதிசயம் லொரெட்டா! அவர் மேல ஒண்ணுமே ஏறல. மீட்டர் அசையவே மாட்டேங்குது. புயல் அடங்க இன்னும் பத்து மணி நேரமாகும். அதுவரைக்கும் வெளி வேலையெல்லாம் அவரே பாத்துக்கட்டும். உங்க ரெக்கார்டை நம்பித்தான் சொல்றேன். சரிதானே?”

பத்து மணி நேரம். இப்போதும் ஒரு சொல் போதும். கர்டிஸ் உள்ளே போய்விடுவார். இது நின்றாலும் நின்றுவிடும். ஆனால் ‘நம்பி’ என்கிறாளே. அவள் முகத்தில் எப்படி விழிப்பது? வெட்கம். அந்தப் பாழாய்ப்போன வெட்கம்.

“லொரெட்டா? இருக்கீங்களா?”

“சரிதான்” என்றாள்.

ரிசீவரை வைத்தாள். கை தனியே வந்துவிட்டது. உள்ளங்கைத் தோல் ரிசீவரைப் பிடித்தபடியே இருந்தது.