தண்ணீர் கேட்டவள்

1958ஆம் வருஷம் பங்குனி மாதம், சாத்தூர் ஸ்டேஷனிலிருந்து வந்த மாட்டு வண்டியை விட்டு இசபெல் இறங்கியபோது, வெயில் கரிசல் காட்டைப் பொரித்துக்கொண்டிருந்தது. எதிரே, வெம்பக்கோட்டைப் பாதையை ஒட்டி, இரண்டாள் உயரத்துக்கு மதில். அதற்குள்தான் கன்னியர் மடம்.

வண்டிக்காரர் சோலைச்சாமி தகரப் பெட்டியை இறக்கி வைத்துவிட்டுத் தயங்கினார்.

"உள்ள போனா சாகுற வரைக்கும் வெளிய வர முடியாதாம்ல, தாயி? யாரு முகத்தையும் பாக்கக் கூடாதாமே?"

"ஆமா," என்றாள் இசபெல்.

அதற்காகத்தான் அவள் வந்திருந்தாள்.

மடத்தில் பதினோரு பேர். விடியுமுன் எழுந்து சங்கீதங்கள் பாடுவார்கள், பிறகு வேலை. சுற்றுப்பட்டு மாதா கோயில்களின் பூசையில் நற்கருணையாகக் கொடுக்கும் ஓஸ்தியெல்லாம் அவர்கள் சுட்டுத்தான் போகும். மாவைக் கரைத்துக் காய்ந்த இரும்பு அச்சில் ஊற்றி, காகிதம் போல மெல்லிய அப்பமாக எடுத்து, வட்டம் வட்டமாக வெட்டுவார்கள். வேலை நேரத்தில் பேச்சே கிடையாது. அந்த அனலில் இசபெல் நாள் முழுக்க நிற்பதைப் பார்த்து, ஓய்வு வேளையில் மற்றவர்கள் மெச்சினார்கள். "நர்ஸ் உத்தியோகத்தையே உதறிட்டு வந்த பிள்ள!" அவள் தலையைக் குனிந்துகொள்வாள். அதையும் தாழ்ச்சி என்றே எண்ணினார்கள்.

மூன்றாம் வருஷம் மடத்துத் தலைவி மதர் ஞானதீபம் அவளுக்கு வாசல் பொறுப்பைக் கொடுத்தார். வாசல் என்றால் கதவல்ல. மதிலில் பதித்த, சுழலும் மரப்பெட்டி. வெளியே இருப்பவர் பொருளை அதில் வைத்துத் தட்டுவார். உள்ளே இருப்பவர் பெட்டியைச் சுழற்றி எடுத்துக்கொள்வார். முகம் தெரியாது. குரல் மட்டும் கேட்கும்.

ஒருநாள் ஒரு பெண்குரல் கேட்டது.

"மதுரை ஆஸ்பத்திரியில இருந்த இசபெல் சிஸ்டர் இங்கனதான இருக்கீக?"

"ஆமா. நீங்க யாரு?" என்றாள் இசபெல்.

"நான் ஆவுடைத்தாய். செல்லத்தாயோட அம்மா. பக்கத்தூருதேன். எம்மகளுக்குக் கடைசித் தண்ணி குடுத்த கைக்கு ஏதாச்சும் குடுக்கணும்னு கருப்பட்டி கொண்டாந்தேன்."

செல்லத்தாய்க்குப் பத்தொன்பது வயது. பட்டாசுக் கம்பெனியில் மருந்து வெடித்து, உடம்பெல்லாம் வெந்து வார்டுக்கு வந்தவள். "தண்ணி, சிஸ்டர்" என்று கேட்டாள். "வாரேன்" என்று சொல்லிப் போன இசபெல், வெந்த சதையின் வாடை தாங்காமல் துணி வைக்கும் அறைக்குள் புகுந்து கதவைச் சாத்திக்கொண்டாள். கூப்பிடும் குரல் கேட்டுக்கொண்டே இருந்தது. அது நின்ற பிறகுதான் வெளியே வந்தாள். ஓடிவந்த தாயிடம், "என் கையால தண்ணி குடிச்சிட்டு அமைதியாப் போனா" என்றாள்.

இப்போதும் அவள் உண்மையைச் சொல்லவில்லை. பெட்டியைச் சுழற்றிக் கருப்பட்டியை எடுத்துக்கொண்டாள்.

மறுநாள் உச்சிப்பொழுது. நண்பகல் செபத்துக்கான திரிகால மணி அடித்து ஓய்ந்திருந்தது. காக்கை கூடக் கரையவில்லை.

பெட்டி தட்டப்பட்டது.

"யாரு?"

 வெடிமருந்தின் நெடி வந்தது. அதற்கடியில் இன்னொரு வாடை. அது அவளுக்குத் தெரிந்த வாடை.

பெட்டியில் கை வைத்தாள். மரம் அடுப்புக்கல்லாய்ச் சுட்டது.

"வாரேன்னு சொன்னீகளே, சிஸ்டர்."

அதன்பின் தினமும் உச்சியில் அந்தக் குரல் வந்தது. இசபெல் ஒரு செம்புத் தண்ணீரைப் பெட்டியில் வைத்துச் சுழற்றினாள். செம்பு தளும்பத் தளும்பத் திரும்பி வந்தது. மறுநாளும் அப்படியே. அவள் கையால் கொடுத்த தண்ணீரை அது தொடவில்லை.

ஏழாம் நாள் மதரின் காலில் விழுந்து எல்லாவற்றையும் சொன்னாள். மதர் எழுந்து வந்து பெட்டியைத் தொட்டார். வெடுக்கென்று கையை இழுத்துக்கொண்டார்.

"சாமியாரிட்ட பாவசங்கீர்த்தனம் செஞ்சியா?"

"செஞ்சேன், மதர். மூணு தடவ."

"பொய்ய யாருட்டச் சொன்ன?"

"அவ அம்மாட்ட," என்றாள் இசபெல். மதர் சோலைச்சாமியை அனுப்பி ஆவுடைத்தாயை வரவழைத்தார்.

பெட்டிக்கு அந்தப்புறம் நின்றவளிடம் இசபெல் சொன்னாள். ஒன்றையும் மறைக்கவில்லை. 

"எம்புட்டு தடவ கேட்டா?"

"எண்ணல, அம்மா. காதப் பொத்திக்கிட்டேன்."

"தண்ணி குடிச்சிட்டுப் போனான்னுதேன் நான் இத்தன வருசம் தூங்குனேன். அதையும் பிடுங்கிக்கிட்டீகளே."

காலடி ஓசை தேய்ந்து மறைந்தது. இசபெல் மன்னிப்புக் கேட்டிருக்கவில்லை. பக்கத்தில் நின்ற மதரின் முகத்தை அவளால் பார்க்க முடியவில்லை.

அன்றோடு தட்டல் நின்றது. சாப்பாட்டு வேளையில் எல்லாரும் அவளுக்கு எப்போதும் போல இடம் விட்டார்கள். அதுவே அவளைக் கூசவைத்தது. எட்டு நாள் மதில் பக்கம் ஓசையே இல்லை.

ஒன்பதாம் நாள் உச்சி சாய்ந்ததும் பெட்டி தட்டப்பட்டது.

"நான்தேன், ஆவுடைத்தாய்."

குரலில் கோபம் இல்லை. ஏதோ ஒரு பூரிப்பு இருந்தது.

"இப்ப எங்கிட்ட வாரா, சிஸ்டர். உச்சிக்கு உச்சி கதவத் தட்டுதா. ஓடிப்போய்த் தொறக்கேன். செம்போட வாங்கிக் குடிக்கா."

"பயமா இல்லையா, அம்மா?"

"எம்மகளுக்கு நான் என்னத்துக்குப் பயப்படணும்?"

 இசபெல் மெல்லக் கேட்டாள்.

"என்னையப் பத்தி... எதும் சொன்னாளா?"

"இன்னைக்குப் பாதிதேன் குடிச்சா. மிச்சத்த சிஸ்டருக்குக் குடுன்னா. கூடவே நடந்து வந்தா."

இசபெல் பெட்டியைச் சுழற்றினாள். உள்ளே ஒரு பித்தளைச் செம்பு. பாதித் தண்ணீர். விளிம்பில் கரிபடிந்த உதட்டுத் தடம்.

இசபெல் அதை இரண்டு கையாலும் எடுத்தாள். செம்பு கொதித்தது. கீழே வைக்கவில்லை.

"அம்மா," என்று கிசுகிசுத்தாள். "அவ இப்ப உங்க பக்கத்துல இருக்காளா?"



"இங்கன இல்லையே, சிஸ்டர். நீங்க பெட்டியச் சுத்துனப்பவே உள்ள வந்துட்டா."